டோரா கேக்குக்குள்ளே என்ன இருக்கிறது?



உங்கள் வீட்டில் டோரேமான் பார்க்கிற குழந்தை இருக்கிறதா? இருந்தால் 'டோரா கேக்' என்ற பெயர் உங்களுக்குப் புதிதாக இருக்காது. அந்த நீலப் பூனை ரோபோவை எந்தக் கோபத்திலிருந்தும் இறக்கிவிடும் பலகாரம் அது. அதைப் பார்த்துவிட்டு, “எனக்கும் அது வேணும்மா” என்று கேட்காத பிள்ளைகள் குறைவு. நாமும் மொபைலில் தேடிப் பார்த்து, மைதாவும் முட்டையும் தேனும் கலந்து, தோசைக்கல்லில் சின்ன வட்டங்களாக ஊற்றி எடுக்கிறோம். இரண்டு வட்டங்களுக்கு நடுவே சாக்லேட் ஸ்ப்ரெட்டைத் தடவிக் கொடுக்கிறோம். குழந்தைக்கும் சந்தோஷம், நமக்கும் வேலை முடிந்தது.

ஆனால் டோரேமான் சாப்பிடுவது சாக்லேட் அல்ல, பயறு. சிவப்புப் பயறைக் குழைய வேகவைத்து, சர்க்கரை சேர்த்துக் கிளறி எடுத்த பூரணம். அந்தப் பலகாரத்தின் உண்மைப் பெயர் டோராயாக்கி. உள்ளே இருக்கும் பூரணத்தின் பெயர் அங்கோ. ஜப்பானியர்களைக் கேட்டால், டோராயாக்கியின் ருசியே அங்கோவில்தான் இருக்கிறது என்பார்கள்.

இந்த மாதம் அந்தப் பூரணத்தைப் பற்றித்தான் உங்களோடு பேசப் போகிறேன். கோடை விடுமுறை வருகிறது. லாக்டவுன் காலத்தில் ஆசையாக வாங்கிய ஓடிஜி ஓவன் பல வீடுகளில் இன்னும் இருக்கிறது. அதில் நாம் செய்வதெல்லாம் என்ன? கேக், குக்கீஸ், எப்போதாவது பீட்சா. கேக் என்றாலும் நமது கவனம் முழுக்க மேலே போடும் ஐசிங்கில்தான். என்ன நிறம், என்ன பூ, எந்த கார்ட்டூன் உருவம்? உள்ளே இருப்பது எல்லா வீட்டிலும் ஏறக்குறைய ஒரே ஸ்பாஞ்ச்தான். ஜப்பானின் பழைய பலகாரங்களில் இது அப்படியே தலைகீழ். வெளியே பார்த்தால் சாதாரணமான பழுப்பு நிற உருண்டை. உழைப்பெல்லாம் உள்ளே.

ஒரு விஷயம் ஆச்சரியமாக இருக்கும். ஜப்பானின் பாரம்பரியச் சமையலறையில் ஓவனே கிடையாது. ஆவியில் வேகவைப்பார்கள், கல்லில் சுடுவார்கள், இரும்பு அச்சில் ஊற்றிச் சுடுவார்கள். 16ஆம் நூற்றாண்டில் போர்ச்சுகீசியர்கள் நாகசாகி பக்கம் வந்தபோது காஸ்டெல்லா என்ற கேக் அவர்களோடு வந்தது. ரொட்டியும் வந்தது. கேக்கை மக்கள் ஏற்றுக்கொண்டார்கள். அரிசிச் சோறு சாப்பிட்டுப் பழகிய நாக்குக்கு ரொட்டி மட்டும் நெடுங்காலம் பிடிக்கவே இல்லை.

அதைப் பிடிக்க வைத்தவர் ஒரு முன்னாள் சாமுராய். பெயர் கிமுரா யாசுபே. மேஜி பேரரசரின் ஆட்சி வந்ததும் சாமுராய் குடும்பங்களுக்குப் பழைய வேலை இல்லாமல் போனது. ஐம்பது வயதைத் தாண்டிய நிலையில், 1869இல், யாசுபே டோக்கியோவில் ரொட்டிக் கடை போட்டார். யோசித்துப் பாருங்கள், அந்த வயதில் வாளை வைத்துவிட்டு மாவு பிசைய இறங்குவது எளிதா? கடை தீயில் போனது, இடம் மாறியது. ஜனங்களுக்கோ ரொட்டி கடினமாக இருக்கிறது, புளிக்கிறது என்ற குறை.

நல்ல ஈஸ்ட் அப்போது அங்கே கிடைப்பது அரிது. யாசுபேயும் அவர் மகனும் ஊரில் ஏற்கெனவே இருந்த ஒன்றைக் கையில் எடுத்தார்கள். சாக்கே என்ற அரிசி மது தயாரிக்கப் பயன்படும், அரிசியும் கோஜிப் பூஞ்சையும் சேர்ந்த புளிப்பு அது. அதைக் கொண்டு மாவைப் பொங்க வைத்தார்கள். மாவு மெதுவாகப் பொங்கியது, ரொட்டி மிருதுவாக வந்தது, லேசான மணமும் சேர்ந்தது. உள்ளே வெண்ணெயோ ஜாமோ வைக்காமல், பாட்டி காலத்திலிருந்து எல்லோரும் சாப்பிட்டு வந்த பயறுப் பூரணத்தை வைத்தார்கள். 1874இல் இப்படிப் பிறந்ததுதான் அன்-பான். ரொட்டிக்குப் பழகாத ஊர் அந்த ரொட்டியை வாங்கித் தின்றது.

அடுத்த ஆண்டு, 1875 ஏப்ரல் 4ஆம் தேதி, மேஜி பேரரசருக்கே அது பரிமாறப்பட்டது. அரண்மனையில் பணியாற்றிய யாமாஓகா டெஷ்ஷூ என்ற வாள்வீரர் இதற்கு வழி செய்தார். பேரரசருக்குப் போகிற ரொட்டி என்பதால், யோஷினோ மலையின் செர்ரிப் பூவை உப்பில் ஊறவைத்து, ரொட்டியின் நடுவில் குழி செய்து பதித்தார்கள். இனிப்புப் பூரணத்தோடு உப்புப் பூ. இன்றும் டோக்கியோவின் கின்ஸாவில் கிமுராயா கடை இருக்கிறது. அதே அரிசிப் புளிப்பில் செய்த, அதே உப்புப் பூ வைத்த அன்-பான் அங்கே விற்கிறது. ஏப்ரல் 4 ஜப்பானில் அன்-பான் தினம்.

இந்தக் கதையை நான் இவ்வளவு நீட்டிச் சொல்வதற்குக் காரணம் உண்டு. வெளியூரிலிருந்து ஓவனும் ரொட்டியும் வந்தபோது ஜப்பானியர்கள் ஒதுக்கவும் இல்லை, அப்படியே காப்பியடிக்கவும் இல்லை. தங்கள் வீட்டுப் பூரணத்தை அதற்குள் வைத்தார்கள். நம் வீட்டு ஓடிஜிக்குள் நாம் எதை வைக்கிறோம்?

இதற்கு முன்னும் அவர்கள் இப்படித்தான் செய்திருக்கிறார்கள். மஞ்சூ என்ற பூரண உருண்டை சீனாவிலிருந்து வந்தது. 1349இல் அங்கிருந்து நாரா நகருக்கு வந்த ரின் ஜோஇன் என்பவர்தான் பயறு வைத்த மஞ்சூவைச் செய்து காட்டினார் என்பது அங்கே வழிவழியாகச் சொல்லப்படும் செய்தி. சீனாவில் அதன் உள்ளே இறைச்சி இருந்தது. புத்தத் துறவிகள் இறைச்சி தொடமாட்டார்களே! அதனால் பயறு. நாராவில் அவருக்குச் சிறிய கோயிலே இருக்கிறது. ஒவ்வொரு ஏப்ரல் 19ஆம் தேதியும் பலகாரக் கடைக்காரர்கள் அங்கே கூடி மஞ்சூ படைத்துக் கும்பிடுகிறார்கள்.

ஆவியில் வெந்த மஞ்சூ பிறகு அடுப்பில் சுடும் மஞ்சூவாகவும் ஆனது. ஹிரோஷிமா பக்கத்தில் மியாஜிமா என்ற தீவு இருக்கிறது. கடலுக்குள் நிற்கும் சிவப்புத் தோரண வாயிலை நீங்கள் படங்களில் பார்த்திருப்பீர்கள். அந்தத் தீவின் மேப்பிள் இலை வடிவத்தில் சுடும் மோமிஜி மஞ்சூ 1906 முதல் கிடைக்கிறது. இன்று அங்கே சுற்றுலா போகிறவர்கள் பெட்டி பெட்டியாக வாங்கி வருவது அதைத்தான். டோக்கியோ தெருக்களில் மீன் அச்சில் சுடும் டையாக்கி இன்னொரு வகை. உள்ளே மீன் கிடையாது, பயறுப் பூரணம்தான். தைரியமாகச் சாப்பிடலாம்.

சரி, அந்தப் பயறு எது?

அசுக்கி என்பார்கள். சின்னது, கருஞ்சிவப்பு, பக்கத்தில் வெள்ளைக் கோடு. ஜப்பானில் விளைவதில் பெரும்பகுதி வடக்கே ஹொக்கைடோ தீவில், அதிலும் டோக்காச்சி சமவெளியில் விளைகிறது. நமது உளுந்து, பாசிப்பயறு, காராமணி எல்லாம் இதே விக்னா பேரினத்துச் செடிகள்தான். அதனால் அங்கோவை முதன்முதலாக வாயில் வைக்கும் தமிழருக்கு அது அந்நியமாகத் தெரியாது. காரடையான் நோன்புக்கு வெல்ல அடையில் காராமணி போடுகிறவர்கள் நாம். சுழியத்துக்குள் பயறுப் பூரணம் வைக்கிற ஊர் நம் ஊர். பயறு இனிப்புக்கு ஆகுமா என்று நமக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. மேற்கத்திய நாட்டவர்கள் பலருக்கு இந்த இடத்தில்தான் தயக்கம் வரும்.

அங்கும் இது வீட்டு விசேஷங்களோடு சேர்ந்த பயறு. சிவப்பு நிறம் தீமையை விரட்டும் என்ற நம்பிக்கையில், நல்ல காரியங்களுக்கு அசுக்கி போட்டுச் சிவப்புச் சோறு சமைப்பார்கள். பகலும் இரவும் சமமாகும் வசந்த, இலையுதிர் கால நாட்களில் முன்னோருக்குப் படைக்க, சோற்று உருண்டையின் மேல் அங்கோ பூசி வைப்பார்கள்.

இப்போது, இதே பூரணத்தைச் சுற்றி நடக்கும் ஒரு திரைப்படத்தை உங்களுக்குப் பரிந்துரைக்க வேண்டும். இயக்குநர் நவோமி கவாசே 2015இல் எடுத்த படம். துரியன் சுகேகாவாவின் நாவலைத் தழுவியது. ஜப்பானில் அதன் பெயர் 'அன்', ஆங்கிலத்தில் 'ஸ்வீட் பீன்'. சின்ன டோராயாக்கிக் கடை நடத்தும் சென்டாரோ, வெளி மாவை மட்டும் தானே சுடுகிறான். உள்ளே வைக்கும் பூரணத்தை டின்னில் வாங்கிக்கொள்கிறான். டோக்குவே என்ற மூதாட்டி வேலை கேட்டு வருகிறார். கைவிரல்கள் வளைந்திருக்கின்றன. அவன் மறுக்கிறான். அவர் தான் செய்த அங்கோவைக் கொடுத்துவிட்டுப் போகிறார். அதை ருசி பார்த்த பிறகுதான் அவனுக்குப் புரிகிறது, இத்தனை நாளாகத் தன் கடைப் பலகாரத்தில் எது இல்லை என்று.

டோக்குவே சூரியன் உதிக்கும் முன்பே வந்துவிடுவார். பயறை ஒவ்வொன்றாகப் பார்ப்பார். பானையின் ஆவிக்குப் பக்கத்தில் முகத்தை வைத்துக் கவனிப்பார். அவசரப்படும் கடைக்காரனைக் காத்திருக்கச் சொல்வார். சமையலை இவ்வளவு மரியாதையாகக் காட்டிய படங்கள் குறைவு என்பது என் கருத்து.

கடை வாசலில் கூட்டம் நிற்கத் தொடங்குகிறது. பிறகு அவருக்கு ஒரு காலத்தில் தொழுநோய் இருந்தது என்ற செய்தி பரவுகிறது. கூட்டம் கரைந்துவிடுகிறது. இது வெறும் கதை என்று தள்ளிவிட முடியாது. தொழுநோய் வந்தவர்களைக் காப்பகங்களில் அடைத்து வைக்கும் சட்டம் ஜப்பானில் 1996 வரை இருந்தது. மருந்து வந்து பல பத்தாண்டுகள் ஆன பின்னும் இருந்தது! 2001இல் நீதிமன்றத் தீர்ப்புக்குப் பிறகே அரசு மன்னிப்புக் கேட்டது. யார் கை பட்டது என்று பார்த்து உணவை ஒதுக்குவது ஜப்பானில் மட்டும்தான் நடக்கிறதா? பிள்ளைகளோடு உட்கார்ந்து இந்தப் படத்தைப் பாருங்கள். அவர்கள் கேட்கும் கேள்விகளுக்குப் பொறுமையாகப் பதில் சொல்லுங்கள்.

இனி அடுப்படிக்குப் போவோம்.

அசுக்கி பயறு பெரிய நகரங்களின் சில கடைகளிலும் ஆன்லைனிலும் கிடைக்கிறது. கிடைக்காவிட்டால் சிறிய சிவப்புக் காராமணியை எடுத்துக்கொள்ளுங்கள். ருசி அதேதான் என்று சொல்லமாட்டேன். காராமணியில் மண்வாசனை கொஞ்சம் தூக்கலாக இருக்கும். ஆனால் பலகாரம் நன்றாக வரும். ராஜ்மா வேண்டாம், தோல் தடிமன்.

கால் கிலோ பயறைக் கழுவி, தண்ணீர் ஊற்றிக் கொதிக்க விடுங்கள். அசுக்கியை இரவே ஊறவைக்க வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. பல ஜப்பானிய வீடுகளில் நேரடியாகத்தான் வேகவைக்கிறார்கள். சில நிமிடம் கொதித்ததும் அந்தத் தண்ணீரை முழுவதும் கொட்டிவிடுங்கள். பயறின் துவர்ப்பு அதோடு போய்விடும். காராமணியானால் இதைக் கண்டிப்பாகச் செய்யுங்கள். பிறகு புதுத் தண்ணீர் ஊற்றி, சிறு தீயில், பயறு எப்போதும் தண்ணீருக்குள் மூழ்கியிருக்கும்படி வேகவிடுங்கள். ஒரு மணி நேரமோ அதற்கு மேலோ ஆகும். குக்கரில் வைக்கலாமா? தாராளமாக. அங்கேயும் குக்கரில் வைக்கிறவர்கள் உண்டு.

இரண்டு விரலுக்கு நடுவே வைத்து அழுத்தினால், சற்றும் எதிர்க்காமல் பயறு நசுங்க வேண்டும். அந்தப் பதம் வரும்வரை சர்க்கரை டப்பாவைத் தொடாதீர்கள். சர்க்கரை சேர்ந்தபின் பயறு மேற்கொண்டு மிருதுவாகாது. அரை வேக்காட்டில் சர்க்கரையைக் கொட்டினால், பிறகு மணிக்கணக்காகக் கிளறினாலும் நடுவில் நறநறவென்றுதான் இருக்கும். நன்றாக வெந்ததும் தண்ணீரை வடித்து, 200 முதல் 250 கிராம் சர்க்கரையை இரண்டு மூன்று தவணையாகச் சேர்த்து, அடி பிடிக்காமல் கிளறுங்கள். கரண்டியால் சட்டியின் அடியில் கோடு இழுத்தால், ஒரு நொடி அடி தெரிந்து மூட வேண்டும். கடைசியில் ஒரு சிட்டிகை உப்பு. கொஞ்சம் தளர்வாக இருக்கும்போதே இறக்கிவிடுங்கள், ஆறினால் இறுகும். தட்டில் சின்னச் சின்னக் குவியலாக வைத்தால் சீக்கிரம் ஆறும்.

தோலோடு முழுப் பயறு தெரிகிற இதுதான் ட்சுபு-அன். வெந்த பயறை வடிகட்டியில் தேய்த்துத் தோலை நீக்கி, தண்ணீரில் தெளியவைத்து, துணியில் பிழிந்து, அதன்பின் சர்க்கரையோடு கிளறினால் கோஷி-அன். வெல்வெட் போல வரும், வேலையும் இரண்டு மடங்கு. எது உசத்தி என்று ஜப்பானில் இன்றும் வாக்குவாதம் நடக்கிறது. என் ஓட்டு ட்சுபு-அன்னுக்கு. பயறு பல்லில் தட்டுப்பட வேண்டும்.

பூரணம் தயாரானால், ஓவன் வேலை சுலபம். அன்-பானுக்கு வழக்கமான இனிப்பு பன் மாவுதான். மைதா, பால், கொஞ்சம் சர்க்கரை, வெண்ணெய், ஈஸ்ட். முட்டை சேர்ப்பதும் சேர்க்காததும் உங்கள் விருப்பம். மாவு பொங்கியதும் 40 கிராம் உருண்டைகளாகப் பிரித்து, ஏறக்குறைய அதே எடையில் பூரணம் வைத்து மூடுங்கள். கஞ்சத்தனம் வேண்டாம், கடிக்கும்போது பூரணம் முதல் கடியிலேயே வர வேண்டும். மறுபடி பொங்கவிட்டு, நடுவில் விரலால் பூரணம் வரை குழி செய்யுங்கள். அந்தக் குழி வெறும் அழகுக்கு அல்ல. சூட்டில் எழும் ஆவி, ரொட்டிக்கும் பூரணத்துக்கும் நடுவே பெரிய பொந்து போட்டுவிடும். குழி இருந்தால் அது குறையும். மேலே பால் அல்லது முட்டை தடவி, கசகசாவோ எள்ளோ தூவி, 180 டிகிரியில் 12 முதல் 15 நிமிடம். சிங்கப்பூரிலும் துபாயிலும் இருக்கும் வாசகர்கள் எள்ளோடு நிறுத்திக்கொள்ளுங்கள். அங்கே கசகசாவுக்குத் தடை இருக்கிறது.

ஈஸ்ட் வேலைக்குப் பொறுமை இல்லாதவர்கள் சுட்ட மஞ்சூ செய்யலாம். கண்டென்ஸ்டு மில்க், ஒரு முட்டை மஞ்சள் கரு, மைதா, அரை ஸ்பூன் பேக்கிங் பவுடர் சேர்த்து மிருதுவாகப் பிசைந்து, ஃபிரிட்ஜில் அரை மணி நேரம் வையுங்கள். மெல்லியதாகத் தட்டிப் பூரண உருண்டையை மூடி, மேலே மஞ்சள் கரு தடவி, 180 டிகிரியில் 15 நிமிடம் சுட்டால் போதும். சூடாக எடுத்துச் சாப்பிட்டால் மேலே சற்று வறண்டிருக்கும். காற்றுப் புகாத டப்பாவில் ஒரு இரவு வைத்தால், பூரணத்தின் ஈரம் மேல் மாவில் ஏறி, மறுநாள் அது தானாக மிருதுவாகிவிடும். அதனால் விருந்தாளி வரும் நாளுக்கு முதல் நாளே செய்துவைப்பதுதான் சரி. காலையில் ஆயிரம் வேலை இருக்கும் வீட்டுக்கு இதைவிட வசதி வேறென்ன?

ஒன்றை ஒளிக்காமல் சொல்லிவிடுகிறேன். பயறு என்றதும் 'ஹெல்தி ஸ்நாக்ஸ்' என்று நினைத்துவிடாதீர்கள். பயறில் புரதமும் நார்ச்சத்தும் உண்டுதான். ஆனால் உலர்ந்த பயறின் எடைக்குச் சமமாக, அல்லது கொஞ்சம் குறைவாக, சர்க்கரை போடுகிறோம். இனிப்பு இனிப்புதான். ஜப்பானியர்கள் இதைச் சமாளிப்பது அளவில். மஞ்சூ ஒரு வாய், மிஞ்சினால் மூன்று வாய். கூடவே சர்க்கரை சேர்க்காத, கசப்பான பச்சைத் தேநீர். நம் வீட்டில் அந்தப் பழக்கம் இல்லை, தெரியும். பக்கத்தில் சர்க்கரை இல்லாத காபியோ சுக்குத் தண்ணீரோ வையுங்கள். சர்க்கரை நோய் உள்ள பெரியவர்கள் வீட்டில் இருந்தால், டாக்டர் சொன்ன கட்டுப்பாடு இதற்கும் சேர்த்துத்தான்.

பிள்ளைகளுக்கு வேலை கொடுக்க மறக்காதீர்கள். பயறு பொறுக்குவது, விரலில் நசுக்கிப் பதம் பார்ப்பது, உருண்டை பிடிப்பது எல்லாம் அவர்களால் முடியும். அடுப்புப் பக்கம் மட்டும் நீங்கள் நில்லுங்கள், கொதிக்கும் பூரணம் தெறித்தால் சுட்டுவிடும். ஒரு முறை கிண்டிய பூரணத்தில் மிஞ்சுவதைச் சின்னப் பொட்டலங்களாகக் கட்டி ஃபிரீசரில் வைத்தால் ஒரு மாதம் வரை தாங்கும். பள்ளி திறந்த பிறகு ஒரு சனிக்கிழமை மாலைக்கு அது உதவும்.

செய்து பார்த்தவர்கள் படம் அனுப்புங்கள். முழு பன்னைப் படமெடுக்காமல், பாதியாக வெட்டி உள்ளே தெரிகிற மாதிரி எடுங்கள். எந்த ஊர்க் கடையில் எந்தப் பயறு கிடைத்தது, வேக எவ்வளவு நேரம் ஆனது, சர்க்கரைக்குப் பதில் வெல்லம் போட்டுப் பார்த்தீர்களா என்பதையும் இரண்டு வரி எழுதுங்கள். அடுத்த இதழில் வெளியிடுகிறோம்.

அன்புடன்,
ஆசிரியர்